ஈச்சம் பற்றையும் ஏட்டுச் சரித்திரமும்

திருகோணமலை மாவட்டத்தின் தென்கோடியிலே, மகாவலி கங்கையின் கிளையாகிய வெருகலாறு கடலை நாடிச் செல்லும் நிலப்பரப்பில் ஈச்சிலம்பற்று என்னும் ஊர் இருக்கிறது. அரசாங்கக் கடிதங்களிலும் வீதியோரப் பெயர்ப்பலகைகளிலும் இப்பெயரே காணப்படும். ஊரவர் வாயிற் பிறக்கும் பெயரோ ஈச்சிலம்பத்தை. ஈச்சம் பற்றைகள் மண்டிக் கிடந்த நிலமாகையால் அப்பெயர் என்பர் முதியோர். பற்று என்பது கிழக்கிலங்கையில் ஆட்சியாளர் வகுத்த நிலப்பிரிவைக் குறிக்குஞ் சொல். கொட்டியாரப்பற்று, தம்பலகாமப்பற்று, கட்டுக்குளப்பற்று எனத் திருகோணமலையிலேயே பல பற்றுக்கள் உண்டு. பற்றை என்பதோ, கத்தியுங் கோடரியுங் கொண்டு அந்நிலத்தைத் திருத்திய மனிதன், காலிற் குத்திய முள்ளைப் பிடுங்கியெறிந்துவிட்டுச் சொன்ன சொல். இவ்விரண்டில் எது மூலம், எது திரிபு என்று தீர்ப்புக் கூறுதல் சொல்லாராய்ச்சியாளரின் வேலை. ஏட்டில் ஏறியது ஆட்சியாளனின் சொல், ஏறாமல் நின்றது உழைப்பாளியின் சொல் என்பதையே நான் கவனிக்க விரும்புகிறேன்.

இப்பகுதிப் பாடசாலையொன்றிற் சில ஆண்டுகள் நான் ஆசிரியனாக இருந்தேன். கிண்ணியாப் பாலம் 2009இல் திறக்கப்படுவதற்கு முந்திய காலம் அது. திருகோணமலைப் பட்டினத்திலிருந்து புறப்படுபவன், கொட்டியாரக் குடாவை லோஞ்சிலே கடந்து மூதூரில் இறங்கி, அங்கிருந்து வரும், வரும் என்று சொல்லப்படும் பஸ்ஸுக்காகப் புளியமர நிழலிற் காத்திருக்க வேண்டும். நான் வாங்கிய புத்தகங்களும் அவ்வழியேதான் என்னுடன் வந்தன. மாரியில் அவையும் என்னைப் போலவே நனைந்தன.

ஒன்பதாம் வகுப்பில் ஒருநாள் திருகோணமலைத் துறைமுகத்தின் கதையைப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். போர்த்துக்கேயர் வந்தனர், ஒல்லாந்தர் வந்தனர், 1782இல் பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி சவ்ரேன் கைப்பற்றினான், 1795இல் ஆங்கிலேயர் பிடித்தனர், 1942 ஏப்ரில் 9ஆம் திகதி ஜப்பானிய விமானங்கள் குண்டு வீசின, 1957இல் ஆங்கிலேயர் கடற்படைத் தளத்தை இலங்கையிடம் ஒப்படைத்தனர் என்று கரும்பலகையில் ஆண்டுகளை வரிசையாக எழுதினேன். பின்வாங்கிலிருந்த ஒரு சிறுமி எழுந்து, “இவ்வளவு பேரும் வந்து அடிபட்ட நேரம் எங்கட ஆக்கள் என்ன சேர் செய்தவங்க?” என்று கேட்டாள். வகுப்புச் சிரித்தது. அவள் சிரிக்கவில்லை.

1935ஆம் ஆண்டில் ஜெர்மானியக் கவிஞன் பிறெக்ற், நூல் வாசிக்கும் ஒரு தொழிலாளியின் வாயிலாக ஏறக்குறைய இதே கேள்வியைக் கவிதையாக்கினான். அச்சிறுமிக்குப் பிறெக்ற்றைத் தெரியாது. தெரிந்திருக்க வேண்டிய அவசியமும் இல்லை. எந்த நாட்டிலும், தன் பாட்டன் இல்லாத சரித்திரத்தைப் படிக்க நேர்ந்த எந்தப் பிள்ளைக்கும் அது இயல்பாகத் தோன்றும் கேள்வியே. அக்கேள்விக்கு விடை கூறக்கூடிய புத்தகங்கள் எவை, அவை எங்கள் ஊரின் எல்லைவரை வந்திருக்கின்றனவா என்று தேடியதைப் பற்றியே இக்கட்டுரையில் எழுதுகிறேன்.

உலகில் இத்தகைய புத்தகங்கள் இல்லாமலில்லை. மஞ்செஸ்ரர் நகரின் சேரிகளிலே நடந்து திரிந்து, தொழிலாளர் குடியிருந்த வீடுகளையும் அவர்தம் உணவையும் உடையையும் நோயையும் கண்டெழுதி, இங்கிலாந்துத் தொழிலாளி வர்க்கத்தின் நிலைமை பற்றிய நூலை 1845இல் வெளியிட்டபோது எங்கெல்சுக்கு வயது 24 தான். சில ஆண்டுகளின் பின் ஹென்றி மேகியூ என்ற பத்திரிகையாளர் இலண்டன் வீதிகளிற் கூவி விற்போரையும் குப்பை பொறுக்குவோரையும் அவர்கள் வாய்மொழியாலேயே பேசவைத்தார். 1963இல் ஈ. பி. தொம்சன் ஆங்கிலத் தொழிலாளி வர்க்கம் உருவான கதையைப் பெருநூலாக எழுதியபோது, தோற்றுப்போன கைத்தறி நெசவாளருக்கும் ஒரு சிந்தனை இருந்தது, அச்சிந்தனைக்கு நியாயமும் இருந்தது என்று காட்டினார். இவற்றையெல்லாம் நம் ஆசிரிய நண்பர்கள் அறிவார்கள்.

தமிழிலும் இம்மரபு வேர்விட்டிருக்கிறது. பேராசிரியர் நா. வானமாமலை நாட்டுப் பாடல்களைத் திரட்டியதோடு நில்லாது, 1969இல் ‘ஆராய்ச்சி’ என்ற ஏட்டைத் தொடங்கி, பாமர மக்களின் வழக்காறுகளைச் சரித்திர ஆதாரமாகக் கொள்ளும் ஒரு மாணவர் பரம்பரையையே உருவாக்கினார். அப்பரம்பரையைச் சேர்ந்த ஆ. சிவசுப்பிரமணியன் உப்பை எடுத்துக்கொண்டு ‘உப்பிட்டவரை’ என்ற நூலைப் படைத்தார். தொ. பரமசிவனின் ‘அறியப்படாத தமிழகம்’ 1997இல் வெளிவந்தது. உணவு, எண்ணெய், வீடு என்று நாம் திரும்பிப் பார்க்காத பொருள்களை அது பேசவைத்தது. ஆ. இரா. வேங்கடாசலபதி ‘அந்தக் காலத்தில் காப்பி இல்லை’ என்ற கட்டுரைத் தொகுதியில், ஒரு பானம் எவ்வாறு ஒரு வர்க்கத்தின் அந்தஸ்துச் சின்னமாயிற்று என்பதை எழுதினார். மன்னர்களுக்குப் பட்டாபிஷேகம் செய்யாமலே சரித்திரம் எழுதலாம், அதனைச் சுவையாகவும் எழுதலாம் என்பதற்கு இவையே போதிய சாட்சி.

உப்பைப் பற்றிய நூலை வாசித்த நாட்களில் எனக்கொரு நினைவு வந்தது. எங்கள் பக்கத்தில் உப்பூறல் என்றே ஓர் ஊருண்டு. ஆங்கிலேயர் ஆட்சியில் உப்பு அரசாங்கத்தின் ஏகபோகம். தன் வாசலில் ஊறிய உப்பை அள்ளுவது ஒருவனுக்கு எப்போது குற்றமாயிற்று? அள்ளியவன் அகப்பட்டானா, ஒளித்தானா, விற்றானா? தூத்துக்குடிக்கும் வேதாரணியத்துக்கும் எழுதப்பட்டிருக்கிறது. உப்பூறலுக்கு எழுதப்படவில்லை. ஒரு நல்ல புத்தகம் செய்கிற காரியம் இதுதான் என்று நினைக்கிறேன். அது வேறோர் ஊரைப் பற்றிச் சொல்லிக்கொண்டே போகையில், வாசிப்பவன் தன் ஊர் மண்ணைக் காலால் கிளறிப் பார்க்கத் தொடங்கிவிடுகிறான்.

அப்படிக் கிளறியபோது முதலில் அகப்பட்டது ஓர் ஆங்கிலேயனின் புத்தகம். அதைச் சற்று விரிவாகவே சொல்லவேண்டும். ஏனெனில் இலங்கையின் சாதாரண மக்களைப் பற்றி எழுந்த மிகப் பழைய, மிகச் சிறந்த நூல்களில் ஒன்றின் கதை எங்கள் கடற்கரையிலேதான் ஆரம்பிக்கிறது.

1659 நவம்பரில் மசூலிப்பட்டினத்துக் கடலிலே புயலில் அகப்பட்டுப் பாய்மரத்தை இழந்த ‘ஆன்’ என்னும் கப்பல், புதிய மரம் நாட்டுவதற்காகக் கொட்டியாரக் குடாவுக்குள் வந்து சேர்ந்தது. கிழக்கிந்தியக் கம்பனிக்காக ஓடிய அக்கப்பலின் தலைவன் பெயர் ரொபேட் நொக்ஸ். அவனுடன் வந்த மகனுக்கும் அதே பெயர். மகனுக்கு அப்போது வயது 19. 1660 ஏப்ரிலில் கண்டி மன்னன் இராஜசிங்கனின் ஆட்கள் இவர்களையும் மாலுமிகள் சிலரையும் பிடித்து மலைநாட்டுக்குக் கொண்டுபோயினர். தந்தை அடுத்த ஆண்டு காய்ச்சலால் இறந்தான். மகன் பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேல் அந்நாட்டிலே கிடந்து, 1679இல் ஒரு தோழனுடன் அநுராதபுரக் காட்டு வழியே தப்பி மன்னார்ப் பக்கத்து அரிப்பிலிருந்த ஒல்லாந்தர் கோட்டையை அடைந்தான். அவன் எழுதிய நூல் 1681இல் இலண்டனில் வெளியாயிற்று. விஞ்ஞானி ரொபேட் ஹூக் அதற்கு முன்னுரை எழுதினார்.

சிறைப்பட்டவர்கள் எழுதிய நூல்கள் பெரும்பாலும் தம் துன்பத்தையே பேசும். நொக்சின் நூலிலும் துன்பம் உண்டு. ஆனால் அதன் பெரும்பகுதி நெல்லைப் பற்றியது, ஏரைப் பற்றியது, வரம்பைப் பற்றியது. எந்த நெல் எத்தனை மாதத்தில் விளையும், தண்ணீரின் அளவைப் பார்த்து உழவன் எந்த விதையைத் தெரிவு செய்வான், அறுவடைக்கு அயலவர் எவ்வாறு கூடி வருவர், மாடுகளை வைத்து எவ்வாறு சூடு மிதிப்பர், பெண்கள் வீட்டிலும் வயலிலும் என்னென்ன வேலை செய்வர், அரசனுக்குச் செய்யவேண்டிய ஊழியம் குடியானவன் முதுகை எவ்வாறு முறித்தது என்பனவெல்லாம் அதில் இருக்கின்றன. அந்த இராஜகாரிய முறை 1832இல்தான் ஒழிக்கப்பட்டது என்பதை எண்ணும்போது, நொக்சின் பக்கங்கள் எவ்வளவு நீண்ட கொடுமையின் சாட்சியம் என்பது புலனாகும்.

கப்பற்காரன் ஒருவனுக்கு இந்தப் பார்வை எப்படி வாய்த்தது? அவன் நல்லெண்ணம் படைத்தவன் என்பது விடையன்று. அவன் வாழ்ந்த முறையே விடை. தொப்பி பின்னி விற்றான், பன்றியும் ஆடும் வளர்த்தான், நிலம் வாங்கினான். நெல்லை வட்டிக்குக் கொடுத்தான் என்பதையும் மறைக்காமல் எழுதியிருக்கிறான். கைதியாக வந்தவன் கடன்காரர்களைச் சம்பாதித்துக்கொண்ட விந்தையை நம் பொருளாதார மாணவர்கள் சிந்திப்பார்களாக! எவ்வாறாயினும் அயலவன் வயல் விளைந்தால் இவனுக்கும் சோறு, விளையாவிட்டால் பட்டினி. அதனால் அவன் வயலைக் கவனித்தான். குதிரைமேலிருந்து நாட்டைக் கணக்கெடுத்த அதிகாரிகளின் நூல்களிலே நான் காணாத ஒன்றை இவனிடத்திற் கண்டேன். உழவன் அடுத்த வாரம் என்ன செய்யப்போகிறான் என்பது இவனுக்குத் தெரிந்திருந்தது.

ஆனால் இந்நூலிலும் எங்கள் ஆட்கள் இல்லை. நொக்ஸ் எழுதியது மலைநாட்டுச் சிங்களக் குடியானவரைப் பற்றி. கொட்டியாரக் கரையைப் பற்றி, தான் பிடிபட்ட கதைக்கு வேண்டியதற்கு மேல் அவன் அதிகம் சொல்லவில்லை. வாசற்படியிலே கால் வைத்தவனை உள்வீட்டுக்குக் கொண்டுபோய் விட்டார்கள். வாசலிலே நின்றவர்களின் முகத்தை அவன் சரியாகப் பார்க்கவில்லை.

நம் சொந்த நூல்கள் பார்த்தனவா? கோணேசர் கோயிலைச் சார்ந்து எழுந்த நூல்களுள் கவிராஜவரோதயர் பெயரால் வழங்கும் கோணேசர் கல்வெட்டு முக்கியமானது. குளக்கோட்டன் செய்த திருப்பணிகளையும் அவன் குடியேற்றியவர்களையும் அது கூறும். பக்தர்கள் அதைக் கோயிலின் பெருமைக்காக வாசிப்பர். நான் வேலைப் பட்டியலாக வாசித்தேன். தானத்தார் செய்யவேண்டியது இது, வரிப்பத்தார் செய்யவேண்டியது இது என்று தொழும்புகள் அதிலே பகுத்துக் கூறப்பட்டிருக்கின்றன. பூவெடுப்போர், விளக்குக்கு நெய் கொடுப்போர், கூட்டித் துடைப்போர், ஆடுவோர், பாடுவோர் ஆகிய எல்லோருக்கும் அங்கு இடமுண்டு. ஆனால் கடமையைச் செய்யுங் கைகளாகவே உண்டு. பூவெடுப்பவன் ஒருநாள் நோயாற் படுத்தால் அவன் வீட்டில் உலை கொதித்ததா என்று கல்வெட்டுக் கேட்பதில்லை. இந்தியச் சரித்திராசிரியர் ரணஜித் குஹா, கிளர்ச்சி செய்த விவசாயிகளின் குரலை அவர்களை அடக்கியவர்களின் கோவைகளிலிருந்தே தேடியெடுத்து 1983இல் ஒரு நூல் செய்தார். கட்டளையை வாசிக்கும்போதே, அந்தக் கட்டளை யாரை நோக்கி, ஏன் பிறப்பிக்கப்பட்டது என்றும் வாசிக்கலாம் என்பதை அவரிடம் கற்றுக்கொண்டேன். மீறுவோர் இல்லாத இடத்தில் இத்தனை விதிகள் எதற்கு?

ஈச்சிலம்பற்றுக்கு இன்னும் அண்மையில் வெருகல் முருகன் கோயில் இருக்கிறது. கதிர்காமத்துக்கு நடந்து செல்லும் யாத்திரிகர் தங்கிப்போகும் தலம். தம்பலகாமத்து வீரக்கோன் முதலியார் அத்தலத்து இறைவன்மீது ‘வெருகல் சித்திரவேலாயுதர் காதல்’ என்ற பிரபந்தம் பாடினார். கோயிற் கல்வெட்டொன்று மதிலைக் கட்டுவித்த பெரியோரின் பெயரைச் சொல்கிறது. கல் சுமந்தவர், சுண்ணாம்பு இடித்தவர் பெயரை அது சொல்லவில்லை. சொல்லாதது அதன் குற்றமுமன்று; கல்வெட்டு எங்கும் அப்படித்தான்.

ஆற்றைத் தாண்டித் தெற்கே போனால் மட்டக்களப்பு. அங்கு நிலைமை வேறு. பண்டிதர் வீ. சீ. கந்தையா 1964இல் ‘மட்டக்களப்புத் தமிழகம்’ என்ற நூலை அளித்தார். மக்களின் பேச்சு, பாடல், கூத்து, குடிவழக்கு, கண்ணகி வழிபாடு, வயற்றொழில் என்பவற்றை ஒரு பண்டிதர் இலக்கியத்துக்குரிய மரியாதையோடு எழுதியது அக்காலத்திற் பெருங் காரியம். இலக்கண வழுவென்று தள்ளப்பட்ட சொற்களை அவர் தலைமேல் வைத்துக்கொண்டார். அந்நூலை வகுப்பிலே வாசித்துக் காட்டிய நாட்களில் பிள்ளைகளின் முகத்தில் ஒரு மாற்றத்தைக் கண்டேன். களவெட்டியில் நெல்லை நெல்லென்று சொல்லாமல் ‘பொலி’ என்று சொல்வது தங்கள் வீட்டு வழக்கம்; அது அச்சிலும் ஏறத்தக்கது என்று அவர்களுக்கு அதுவரை யாரும் சொல்லவில்லை.

இருந்தும் ஒரு குறையை நான் மறைக்கப்போவதில்லை. போடியாரின் வயலிலே பாடப்பட்ட பாட்டு அந்நூலில் இனிமையாக ஒலிக்கிறது. பாடியவனுக்குக் கிடைத்த பங்கு எவ்வளவு, போடியாருக்குப் போனது எவ்வளவு என்ற கணக்கு அவ்வளவு தெளிவாக ஒலிப்பதில்லை. நாட்டுப் பாடலில் மயங்கி நாட்டு மக்களை மறப்பது நம்மவர் பலரிடமுள்ள நோய். பண்டிதரை அதற்காக நோவது தகாது. அவர் வழி திறந்தார். அவ்வழியால் நடந்து கணக்குக் கேட்பது பின்வந்தோர் கடமையாயிருந்தது.

இப்பொழுது ஒரு விந்தையைக் கவனியுங்கள். வடக்கேயுள்ள நூல்கள் கோணேசர் கோயிலையும் துறைமுகத்தையும் பேசுகின்றன. தெற்கேயுள்ள நூல்கள் மட்டக்களப்பைப் பேசுகின்றன. அவற்றின் எல்லை வெருகலாறு. ஈச்சிலம்பற்று ஆற்றுக்கு இக்கரையில், பட்டினத்துக்கு வெகுதூரத்தில் இருக்கிறது. பேச்சாலும் வழக்கத்தாலும் அது பெரிதும் மட்டக்களப்பைச் சார்ந்தது. கச்சேரிக் காகிதத்தாலோ திருகோணமலையைச் சார்ந்தது. இரு புத்தகங்களின் அட்டைகளுக்கும் இடையே விழுந்துவிட்ட ஊர் அது.

அவ்விடைவெளியிலும் அடியில் இருப்பவர்கள் ஒருசாரார். மூதூரின் கீழ்ப்புறத்திலும் வெருகலிலும் வாகரையிலும் வாழும் கரையோர வேடரை நான் சொல்கிறேன். தமிழ் பேசுவர், மீன் பிடிப்பர், சேனை செய்வர், தேன் எடுப்பர். 1911இல் செலிக்மன் தம்பதியர் வேடரைப் பற்றி ஒரு பெருநூல் வெளியிட்டனர். மானிடவியலார் இன்றும் போற்றும் நூல் அது. காட்டின் உட்புறத்தில் வாழ்ந்த, கலப்பற்றவரெனக் கருதப்பட்ட வேடரையே அது பெரிதும் நாடிற்று. தமிழரோடு கலந்துவிட்டவராகக் கருதப்பட்ட கரையோரத்தவர் அதன் ஓரத்திலேதான் நிற்கின்றனர். விஞ்ஞானிக்குப் போதிய அளவு வேடராக இல்லாதவர்கள், அயற் கிராமத்துச் சாதிமானுக்கோ போதிய அளவுக்கு மேல் வேடராக இருந்தார்கள்!

என் வகுப்பில் அக்குடியைச் சேர்ந்த பையன் ஒருவன் இருந்தான். பாட்டனாரின் தொழிலைப் பற்றி எழுதும்படி நான் கூறியபோது, எல்லோரும் எழுதினர். அவன் கொப்பியை வெறுமையாகத் தந்தான். தனியே அழைத்துக் கேட்டேன். “எழுதினா அவங்க பகிடி பண்ணுவாங்க சேர்” என்றான். பாட்டனார் சடங்கிலே தெய்வமாடுவார் என்பதும், எந்த மரத்திலே எந்த மாதத்தில் தேன் இருக்கும் என்பதை ஈக்களின் போக்கைப் பார்த்தே சொல்வார் என்பதும் பின்னர் அவன் வாயாலேயே வந்தன. அவற்றை வகுப்பில் வாசிக்கக்கூடாது என்று என்னிடம் உறுதி வாங்கிக்கொண்டான். சாதாரண மக்களின் சரித்திரத்தை எழுதுவோம் என்று நாம் மேடையிலே எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அச்சரித்திரத்தைச் சொல்பவன் அதற்காக ஒரு விலை கொடுக்கவேண்டியிருக்கிறது. ஈச்சிலம்பற்றிலே அந்த விலையை ஒரு பதினான்கு வயதுச் சிறுவனிடம் நாம் கேட்டுக்கொண்டிருந்தோம். ஒடுக்கப்பட்டவர்களுள்ளும் ஒடுக்குவோர் இருப்பதைச் சொல்லாத நூல் எனக்கு வேண்டியதில்லை.

பின்னர் நடந்தவற்றை நாடு அறியும். 2004 டிசம்பர் 26ஆம் திகதி கடல் வந்தது. 2006 ஏப்ரிலில் மூதூர் கிழக்கிலே குண்டுகள் விழத் தொடங்கின. அதே ஆண்டு ஜூலையில் மாவிலாற்றின் மதகு மூடப்பட்டபோது சேருவிலப் பக்கத்து வயல்கள் வாடின. அதைத் தொடர்ந்து யுத்தம் முழு அளவில் மூண்டது. ஆகஸ்டிலே மூதூர் முஸ்லிம் மக்கள் உடுத்த உடையோடு கந்தளாய்க்கு நடந்தனர். ஈச்சிலம்பற்றுத் தமிழ் மக்கள் வெருகலைக் கடந்து வாகரைக்குப் போயினர். அங்கும் இருக்கமுடியாமல் மட்டக்களப்பு முகாம்களுக்குச் சென்றனர். 2007இலேதான் மீளத் திரும்பினர். நீரில்லாமல் நின்ற சிங்கள விவசாயியும், கந்தளாயிற் கூடாரத்திலிருந்த முஸ்லிம் வியாபாரியும், வாகரைப் பதுங்குகுழியிற் கிடந்த தமிழ்த் தாயும் ஒரே ஆற்றின் தண்ணீரைக் குடித்தவர்கள். அறிக்கைகளில் அவர்கள் மூன்று தனித்தனித் தொகைகளாக இருக்கின்றனர். இத்தனை குடும்பங்கள், இத்தனை அங்கத்தவர்கள், இத்தனை தறப்பாள்கள்! அறிக்கைகள் வேண்டியவைதான், அவை இல்லாவிட்டால் அந்தத் தறப்பாளும் வந்திராது. ஆனால் அச்சிறுமியின் கேள்விக்கு அறிக்கை விடையாகாது.

திரும்பிவந்தவர்களுள் எழுபது வயதைக் கடந்த ஓர் ஆச்சி. என்ன கொண்டு போனீர்கள் என்று கேட்டேன்.

“என்னத்த மனே கொண்டு போற? களவெட்டியில சூடு மிதிக்காமக் கிடந்திச்சு. மாட்ட அவுத்து விட்டன். பேத்திட சட்டையும் ஒரு சட்டியும்தான் கையில கிடந்தது. காணிப் பேமிற் பெட்டிக்குள்ள. பெட்டி எரிஞ்ச வீட்டுக்குள்ள.”

பேமிற் என்றது 1935ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திச் சட்டத்தின் கீழ்க் குடியானவர்க்கு வழங்கப்படும் அனுமதிப் பத்திரத்தை. அது போனால் அவர் தம் நிலத்திலேயே அந்நியர். அலுவலகமொன்றில் ஆதாரம் கேட்டார்கள். ஆச்சி ஆதாரம் சொன்னார்: கிணறு வெட்டிய ஆண்டு, அதற்கு உதவ வந்தவர்களின் பெயர், வடவெல்லையில் நிற்கும் மருதமரம், கீழெல்லையில் அயலவன் அடைத்த வேலி, எந்தப் போகத்திலே யானை வந்து எத்தனை வரவையைத் துவைத்தது, காவற் பரணில் எவரெவர் விழித்திருந்தனர் என்பனவெல்லாம் பிசகின்றிச் சொன்னார். மேசைக்கு அப்பாலிருந்தவர் பொறுமையாகக் கேட்டார் என்றே சொல்லவேண்டும். ஆனால் அவர் முன்னிருந்த படிவத்தில் இவற்றை எழுதுவதற்குக் கட்டம் இருக்கவில்லை.

அன்று அந்த வாங்கிலே அமர்ந்திருந்தபோதுதான், நான் பல ஆண்டுகளாகத் தேடிய புத்தகத்தின் ஓர் அத்தியாயத்தை ஒருவர் என் காதருகே சொல்லிக்கொண்டிருக்கிறார் என்பது விளங்கிற்று. அடுத்த வாரமே பழைய மாணவர் சிலரைச் சேர்த்துக்கொண்டேன். ஒற்றைறூல்க் கொப்பிகள் வாங்கினோம். இப்பொழுது பதினொரு கொப்பிகள் நிறைந்திருக்கின்றன. இளைஞர்கள் கைத்தொலைபேசியிலும் குரலைப் பதிந்துகொள்கின்றனர். அதைவிடக் கொப்பியையே நான் நம்புகிறேன்; கிழவன் பழக்கம் என்று அவர்கள் சிரிக்கிறார்கள்.

தொடக்கத்தில் மாணவர்கள் முதியவர்களின் பேச்சைத் திருத்தி எழுதிக்கொண்டு வந்தனர். ‘பத்தை’ பற்றையாயிற்று, ‘வாற’ வருகின்ற ஆயிற்று, ஆச்சியின் கோபம் வருத்தமாயிற்று. சொன்னபடியே எழுதுங்கள் என்று வற்புறுத்த வேண்டியிருந்தது. கேள்விகளையும் மாற்றினோம். ‘உங்கள் வாழ்க்கையைப் பற்றிச் சொல்லுங்கள்’ என்றால் எவரும் சொல்வதில்லை. எனக்கென்ன வாழ்க்கை என்று எழுந்துபோய்விடுவர். விதைநெல் யாரிடம் வாங்கினீர்கள், எத்தனை மரைக்காலுக்கு எத்தனை திருப்பினீர்கள், மாரி காலத்தில் அரிசி முடிந்தால் அடுப்பில் என்ன வெந்தது, மகப்பேற்றுக்கு யார் வந்தார், அவருக்கு என்ன கொடுத்தீர்கள் என்று கேட்டால் பொழுது சாயும்வரை பேசுகிறார்கள். கடன், பசி, மருத்துவிச்சி, யானை என்ற நான்கு தலைப்புகளிலே ஒரு பிரதேசத்தின் முக்காற்பங்குச் சரித்திரம் வந்து விழுவதைக் கண்டோம்.

பெண்களிடம் கேட்டபோது வேறொரு சரித்திரமே வந்தது. நாற்றுப் பிடுங்கியதும் கதிர் பொறுக்கியதும் தாங்கள். சூடு மிதிக்கும் களவெட்டிக்குள் மட்டும் கால் வைக்க விடமாட்டார்கள் என்று ஒரு மூதாட்டி சொன்னார். “துடக்காம். நாங்க குத்தின அரிசியத் திண்டா மட்டும் துடக்கில்லையாம்” என்றார். இவ்விரு வசனங்களும் எழுதப்பட்ட கொப்பியை நான் பலமுறை எடுத்துப் பார்த்திருக்கிறேன்.

இவற்றைப் புத்தகமாக்குவது எளிதன்று. மலையகத்திலே சி. வி. வேலுப்பிள்ளை, உழைக்கவே பிறந்தவர்கள் என்று பொருள்படும் பெயரில் 1970இல் ஆங்கிலத்தில் ஒரு நூல் எழுதினார். தோட்டத்திலே பிறந்து, தொழிற்சங்கத்திலே உழைத்து, 1947இல் பாராளுமன்றத்துக்கும் சென்றவர் அவர். தப்பொலியோடு விடியும் தோட்டத்து நாளை அவர் சொல்லும்போது, வெளியிலிருந்து பார்த்தவனின் வியப்போ இரக்கமோ அதில் இல்லை. அந்த உள்ளிருந்து வரும் குரல் ஈச்சிலம்பற்றுக்கு என்னிடத்திலிருந்து வராது. நான் லோஞ்சில் வந்திறங்கிய வாத்தியார். கொப்பியை எழுதியவர்களுள் ஒருவரே நூலையும் எழுதவேண்டும் என்பதில் உறுதியாக இருக்கிறேன். துறைமுகத்தைப் பற்றிக் கேட்ட அச்சிறுமி இப்பொழுது இரு பிள்ளைகளின் தாய். ஓர் ஆரம்பப் பாடசாலையிலே படிப்பிக்கிறாள். வேடர் குடிப் பையன் தேனைப் பற்றிய கொப்பியைத் தானே வைத்திருக்கிறான். அதை அச்சிடுவதா என்பதை அவனும் அவனுடைய ஆட்களும் தீர்மானிக்கட்டும் என்று விட்டிருக்கிறோம். இன்னும் அவர்கள் முடிவு சொல்லவில்லை.

உப்பைப் பற்றி நான்கு பக்கங்களே தேறியிருக்கின்றன. இலங்கைத்துறை முகத்துவாரத்துக் கரைவலைக்காரரிடம் இன்னும் போகவில்லை. வாடைக் காற்றில் கடல் கொந்தளிக்கும் மாதங்களில் அவர்கள் வேறு தொழில் தேடி உள்ளூருக்குப் போய்விடுவர். பங்குனி பிறந்து கடல் படுத்தபின் வலை இழுக்க வருவார்கள். வலைச் சொந்தக்காரருக்கு எத்தனை பங்கு, தோணிக்கு எத்தனை, கயிறு பிடித்தவனுக்கு எத்தனை என்ற கேள்வியை முதலாவதாகக் குறித்துவைத்திருக்கிறோம்.